ஐந்து சென்ட் ரொட்டி

மௌனப் படங்களின் காலம் – 14

சென்ற இதழில் நிக்கலோடியன் கொட்டகைகளைப் பார்த்தோம். 1905இல் பிட்ஸ்பர்க் நகரின் ஸ்மித்ஃபீல்டு தெருவில் ஹாரி டேவிஸ் திறந்த சின்னஞ்சிறு கொட்டகை ஒன்று வழிகாட்ட, சில ஆண்டுகளுக்குள் அமெரிக்கா முழுவதும் அப்படிப்பட்ட கொட்டகைகள் ஆயிரக்கணக்கில் முளைத்தன. ஆலைத் தொழிலாளிகளும் புதிதாகக் கப்பலில் வந்து இறங்கிய குடியேறிகளும் வேலை முடிந்த கையோடு அங்கே போனார்கள். நுழைவுக் கட்டணம் ஒரு நிக்கல், அதாவது ஐந்து சென்ட்.

1909இல் நியூயார்க்கில் சாதாரண ரொட்டி ஒன்றின் விலையும் அதே ஐந்து சென்ட்தான். அந்த ரொட்டி பத்து சென்ட் ஆகிவிட்டால் யாருக்கு லாபம், யார் வயிற்றில் அடி என்பதை அந்தக் கொட்டகைகளின் ரசிகர்களுக்கே காட்டிய படம் ஒன்று அந்த ஆண்டு டிசம்பர் 13 அன்று வெளியானது. பெயர் ‘எ கார்னர் இன் வீட்’. தயாரிப்பு பயோகிராஃப் கம்பெனி, இயக்கம் டி. டபிள்யூ. கிரிஃபித், ஒளிப்பதிவு பில்லி பிட்சர். நீளம் ஒரு ரீல். ஓடும் நேரம் சுமார் கால் மணி.

இந்த அத்தியாயம் முழுவதையும் அந்த ஒரு படத்துக்கே ஒதுக்குகிறேன். வெட்டி ஒட்டுவதன் மூலமே சினிமாவால் ஒரு வாதத்தை முன்வைக்க முடியும் என்று தெளிவாகக் காட்டிய படங்களில் இது முன்னோடி. அதை உணர வேண்டுமானால் முதலில் கோதுமைச் சந்தைக்குள் போய்வர வேண்டும்.

சந்தையை வளைத்தவர்கள்

அமெரிக்காவின் தானிய வியாபாரத்துக்குத் தலைநகரம் சிகாகோ. அங்கே 1848இல் தொடங்கப்பட்ட வணிகச் சபையில் கோதுமை மூட்டை எதுவும் கண்ணில் படாது. கைமாறுவதெல்லாம் வாக்குறுதிகள். ‘மே மாதம் இத்தனை ஆயிரம் புஷல் கோதுமையை இந்த விலைக்குத் தருகிறேன்’ என்று ஒருவர் இன்றே விற்பார், மற்றவர் வாங்குவார். ஒரு புஷல் கோதுமை என்பது ஏறக்குறைய 27 கிலோ. இன்று நாம் முன்பேர வணிகம் என்று சொல்வது இதைத்தான். விற்றவரிடம் பெரும்பாலும் ஒரு மணி கோதுமைகூட இருக்காது. மே மாதத்துக்குள் விலை இறங்கும், அப்போது மலிவாக வாங்கிக் கொடுத்துவிட்டு இடையில் உள்ள வித்தியாசத்தை லாபமாக எடுத்துக்கொள்ளலாம் என்பது அவர் கணக்கு.

இந்தக் கணக்கைக் கவிழ்க்க ஒரு வழி உண்டு. பெரும் பணக்காரர் ஒருவர் சத்தமில்லாமல் அந்த வாக்குறுதிகளையெல்லாம் வாங்கிக் குவிக்கிறார். கூடவே, கிடங்குகளில் உள்ள நிஜக் கோதுமையையும் வாங்கிப் போட்டுவிடுகிறார். கெடு நாள் வரும்போது, கோதுமை தருவதாகச் சொன்னவர்கள் வாங்குவதற்கு ஓடுகிறார்கள். எங்கே போய்க் கேட்டாலும் சரக்கு அந்த ஒருவர் கையில்தான். அவர் வைத்ததுதான் விலை. தரகர்கள் திவாலாகிறார்கள். அந்த விலை மாவு ஆலைக்கும், ஆலையிலிருந்து ரொட்டிக் கடைக்கும் போய்ச் சேர்கிறது. உழுது விதைத்த குடியானவருக்கு இதில் கால் காசு லாபம் கிடையாது. அறுவடை முடிந்த கையோடு, அன்றைய தாழ்ந்த விலைக்கு அவர் எப்போதோ விற்றுவிட்டார்.

சந்தையை இப்படி வளைப்பதைத்தான் படத்தின் பெயரில் உள்ள ‘கார்னர்’ குறிக்கிறது. இது வெறும் கற்பனைக் கதையல்ல. 1897இல் செல்வந்தர் ஒருவரின் மகனான ஜோசப் லைட்டர் சிகாகோவில் இதைச் செய்து பார்த்தார். அவர் தோற்பார் என்று பந்தயம் கட்டியவர்களில் ஒருவர் இறைச்சி வியாபாரத்தில் கோடீஸ்வரரான ஃபிலிப் ஆர்மர். அந்த டிசம்பரில் ஏரிகள் உறையத் தொடங்கிய நேரத்தில், ஆர்மர் பனிக்கட்டியை உடைக்கும் படகுகளை முன்னால் விட்டு, வடமேற்கிலிருந்து கப்பல் கப்பலாகக் கோதுமையைச் சிகாகோவுக்குக் கொண்டுவந்து கொடுத்த வாக்கைக் காப்பாற்றிவிட்டார். லைட்டர் விடவில்லை, மேலும் வாங்கினார். 1898 வசந்தத்தில் ஸ்பெயினுடன் போர் மூண்டபோது விலை உச்சிக்குப் போனது. புது விளைச்சல் வருகிறது என்ற செய்தி வந்ததும் ஜூன் மாதத்தில் எல்லாம் சரிந்தது. கடனை அடைக்கும் பொறுப்பு தந்தை லெவி லைட்டரின் தலையில் விழுந்தது.

அதே 1898 மே மாதத்தில் இத்தாலியின் மிலான் நகரத்தில் ரொட்டி விலை ஏறியதைக் கண்டித்து மக்கள் தெருவில் இறங்கினார்கள். ராணுவம் அவர்கள்மீது பீரங்கியால் சுட்டது. கோதுமை உலகச் சரக்காகிவிட்ட காலம் அது. ஒரு கண்டத்தில் ஏறும் விலை இன்னொரு கண்டத்தின் அடுப்பங்கரையை எட்டிவிடும்.

இதையெல்லாம் கூர்ந்து கவனித்தவர் ஃபிராங்க் நாரிஸ் என்ற இளம் நாவலாசிரியர். கோதுமையைப் பற்றி மூன்று நாவல்கள் எழுதத் திட்டமிட்டார். முதலாவது ‘தி ஆக்டோபஸ்’, 1901இல் வந்தது. கலிபோர்னியாவில் கோதுமை விளைவிப்பவர்களுக்கும் ரயில்வே கம்பெனிக்கும் நடந்த மோதல் அது. இரண்டாவது ‘தி பிட்’. லைட்டரின் கதையை வைத்து எழுதியது. அது 1903இல் புத்தகமாக வந்தபோது நாரிஸ் உயிரோடு இல்லை. 1902 அக்டோபரில், 32 வயதிலேயே காலமானார். பஞ்சத்தில் வாடும் ஐரோப்பாவுக்குக் கோதுமை போய்ச் சேர்வதைச் சொல்லவிருந்த மூன்றாவது நாவல் எழுதப்படவே இல்லை. ‘எ டீல் இன் வீட்’ என்றொரு சிறுகதையும் அவர் எழுதியிருந்தார். கோதுமை விலை விழுந்ததால் நிலத்தை இழந்த குடியானவர் ஒருவர், பிறகு அதே கோதுமை விலை ஏறியதால் நகரத்தில் இலவச ரொட்டியும் கிடைக்காமல் நிற்கும் கதை.

கிரிஃபித் கைவைத்தது இந்த நாரிஸ் உலகத்தில்தான். அவர் படமெடுத்த 1909ஆம் ஆண்டின் வசந்தத்தில் சிகாகோவில் இன்னொரு ‘கோதுமை ராஜா’ தலைப்புச் செய்தியில் இருந்தார். ஜேம்ஸ் பேட்டன் என்ற அந்தத் தரகர் வாங்கிக் குவித்ததில் மே மாதக் கோதுமை புஷலுக்கு ஒரு டாலர் முப்பது சென்ட்டைத் தாண்டியது. ஆகவே டிசம்பரில் நிக்கலோடியனில் உட்கார்ந்தவர்களுக்கு இந்தக் கதையை யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

பதினான்காம் தெருவில் ஒரு மாளிகை

பயோகிராஃபின் ஸ்டூடியோ நியூயார்க்கில் கிழக்குப் பதினான்காம் தெரு, 11ஆம் எண் வீட்டில் இருந்தது. பணக்காரக் குடும்பம் ஒன்று வாழ்ந்த பழைய கல் மாளிகை அது. விருந்து நடனம் நடந்த கூடத்தில் பாதரச விளக்குகளை வரிசையாகத் தொங்கவிட்டு, அதையே படப்பிடிப்புத் தளமாக்கியிருந்தார்கள். அந்த நீலப்பச்சை வெளிச்சத்தில் நடிகர்களின் முகம் பிணம்போலத் தெரியும். படச்சுருளிலோ தெளிவாகப் பதியும்.

பிட்சர் கையாண்ட பயோகிராஃப் கேமராவைப் பற்றியும் சொல்ல வேண்டும். எடிசனின் காப்புரிமையில் மாட்டாமல் இருப்பதற்காகவே வேறு விதமாகச் செய்யப்பட்ட இயந்திரம் அது. மற்றக் கேமராக்களுக்கு ஓரத்தில் ஏற்கெனவே துளையிட்ட ஃபிலிம் வேண்டும். இதற்குத் துளையில்லாத ஃபிலிமைப் போட வேண்டும். கைப்பிடியைச் சுற்றச் சுற்ற, ஒவ்வொரு படத்தைப் பதிக்கும்போதும் கேமராவே துளையையும் குத்திக்கொள்ளும். கனமான, சத்தம் போடும் இயந்திரம். அதை வைத்துக்கொண்டுதான் பிட்சர் அந்த நாளின் மிக அழகான காட்சிகளைப் பதிவு செய்தார்.

கிரிஃபித் நாடக மேடையில் எடுபடாமல் 1908இல் பயோகிராஃபுக்கு நடிகராக வந்தவர். அதே ஆண்டு கோடையில் முதல் படத்தை இயக்கினார். அதிலிருந்து 1913 வரை அந்தக் கம்பெனிக்கு நானூறுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்துத் தள்ளினார். வாரத்துக்கு இரண்டு படம் வீதம் வெளியாக வேண்டும். அந்த ஓட்டத்துக்கு நடுவில் 1909 நவம்பரில் எடுத்ததுதான் இந்தப் படம். வயல் காட்சிகளுக்கு மட்டும் நகரத்தின் விளிம்பில் இருந்த ஜமைக்கா பகுதிக்குப் போனார்கள். மற்றதெல்லாம் மாளிகைக் கூடத்திலேயே.

படத்தில் சந்தையை வளைக்கும் கோதுமை ராஜாவாக நடித்தவர் ஃபிராங்க் பவல். குடியானவராக ஜேம்ஸ் கிர்க்வுட். அவர் மனைவியாக லிண்டா ஆர்விட்சன். நிஜத்தில் இவர் கிரிஃபித்தின் மனைவி, அதைப் பல காலம் இருவரும் வெளியே சொல்லாமலே இருந்தார்கள். இந்தப் பெயர் எதுவும் அன்றைய ரசிகருக்குத் தெரியாது. நடிகர் பெயரைத் திரையில் போடுவதில்லை என்பது பயோகிராஃபின் கொள்கை.

திரையில்

படம் ஒரு குடியானவக் குடும்பத்தில் தொடங்குகிறது. விதைக்கோதுமையைக் கையில் அள்ளி, விரலிடுக்கில் மெல்ல வழியவிட்டுப் பார்க்கிறார் அவர். பிறகு வயல். உழுத மண்ணில் இரண்டு ஆண்கள் தூரத்திலிருந்து கேமராவை நோக்கி நடந்து வருகிறார்கள். ஒவ்வொரு எட்டுக்கும் ஒரு வீச்சாக விதை பறக்கிறது. பின்னால் குதிரைகள் பரம்படித்துக்கொண்டு வருகின்றன. கிட்டே வந்து, திரும்பி, மறுபடி அதே நடை. அவசரமே இல்லை. ஒரு ரீலுக்குள் கதையை முடிக்க வேண்டிய இயக்குநர், விதைப்புக்கு இவ்வளவு நேரம் கொடுத்ததிலேயே அவர் பக்கம் எது என்று தெரிந்துவிடுகிறது.

வெட்டு. ராஜாவின் அலுவலகம். சுருட்டுப் பிடித்தபடி உத்தரவு போடுகிறார், தரகர்கள் ஓடுகிறார்கள். வெட்டு. சந்தை. தொப்பிகளும் முஷ்டிகளும் மோதும் ஒரே கூச்சல்; அது நம் காதில் விழாவிட்டாலும் கண்ணில் விழுகிறது. ஒருவர் மயங்கிச் சாய்கிறார். சர்வநாசமான இன்னொருவர் ராஜாவிடம் வந்து மன்றாடுகிறார்; பலனில்லை.

அடுத்தது விருந்து. பட்டும் வைரமும் அணிந்த விருந்தினர்கள் கோப்பைகளை உயர்த்துகிறார்கள். வெட்டு. ரொட்டிக் கடை. மாவு விலை ஏறியதால் வழக்கமான ஐந்து சென்ட் ரொட்டி இனிப் பத்து சென்ட் என்று ஓர் அறிவிப்பு தொங்குகிறது. வாங்க வருகிறவர்கள் அறிவிப்பைப் பார்க்கிறார்கள், கையில் உள்ள காசைப் பார்க்கிறார்கள். காசு போதாமல் ஒரு பெண் குழந்தையோடு வெறுங்கையாகத் திரும்பிப் போகிறார்.

இங்கேதான் கிரிஃபித் யாரும் எதிர்பார்க்காத ஒன்றைச் செய்கிறார். ஏழைகளுக்கு இலவச ரொட்டி தரும் வரிசை திரையில் வருகிறது. வரிசையில் நிற்பவர்கள் அசையவில்லை. ஒரு கை, ஒரு தலை அசையவில்லை. நடிகர்கள் புகைப்படத்துக்கு நிற்பதுபோல அப்படியே உறைந்து நிற்கிறார்கள். கேமரா மட்டும் ஓடிக்கொண்டிருக்கிறது. அசையும் படம் என்பதற்காகவே காசு கொடுத்து உள்ளே வந்த மக்களுக்கு அசையாத ஒரு காட்சி. முந்தைய நொடியில் குலுங்கிக் குலுங்கிச் சிரித்த விருந்துக் கூட்டத்துக்குப் பக்கத்தில் இந்த அசைவின்மையை வைத்ததும், பசிக்கு எந்த வசனமும் தேவைப்படவில்லை.

அந்த வரிசை கற்பனையும் அல்ல. பிராட்வேயில் பத்தாம் தெரு முனையில் ஃபிளைஷ்மன் ரொட்டிக் கடை 1870களிலிருந்து நள்ளிரவில் ஏழைகளுக்கு ரொட்டி கொடுத்துவந்தது. அந்த வரிசை நியூயார்க் முழுவதும் பிரசித்தம். பயோகிராஃப் மாளிகையிலிருந்து சில தெருக்கள் நடந்தால் போதும், அந்த முனை வந்துவிடும்.

கடைசிப் பகுதியில் ராஜா தன் விருந்தினர்களைத் தானியக் கிடங்கு பார்க்க அழைத்துவருகிறார். அங்கே அவருக்கு ஒரு செய்தி வந்து சேர்கிறது: உலகச் சந்தை முழுவதும் இனி அவர் கையில். மகிழ்ச்சியில் தள்ளாடியவர் கால் தவறிக் கீழே, கோதுமை கொட்டும் தொட்டிக்குள் விழுகிறார். மேலிருந்து கோதுமை விடாமல் கொட்டுகிறது. புழுதி எழுகிறது. அவர் எழ முயல்கிறார். மணிகள் இடுப்புக்கு, மார்புக்கு ஏறுகின்றன. முடிவில் ஒரு கை மட்டும் மேலே துழாவுகிறது. அதுவும் மறைகிறது. இந்தக் காட்சிக்கு இடையிடையே ரொட்டிக் கடை. ரொட்டி தீர்ந்துவிட்டது என்றதும் கூட்டம் முண்டுகிறது. போலீஸ் அடித்து விரட்டுகிறது. ஒரே கோதுமை. ஓரிடத்தில் அது இல்லாமல் மனிதர்கள் அடி வாங்குகிறார்கள். இன்னோரிடத்தில் அது அளவுக்குமேல் கொட்டி மனிதன் சாகிறான்.

கோதுமைக்குள் புதைந்து சாவதும் நாரிஸ் தந்ததே. ‘தி ஆக்டோபஸ்’ நாவலில் ரயில்வேயின் ஏஜெண்டு ஒரு கப்பலின் அடித்தளத்தில் அப்படித்தான் சாகிறார். கிரிஃபித் அந்தச் சாவை எடுத்துச் சிகாகோ ராஜாவுக்குக் கொடுத்தார்.

நல்லவன் வாழ்வான், கெட்டவன் வீழ்வான் என்று இங்கே படத்தை முடித்திருக்கலாம். கிரிஃபித் முடிக்கவில்லை. மறுபடி வயல். இப்போது விதைப்பவர் ஒருவர்தான். கூட வந்த ஆளைக் காணோம், குதிரைகளையும் காணோம். தனியாக நடக்கிறார், வீசுகிறார், திரும்புகிறார். திரை மெல்ல இருள்கிறது. ராஜா செத்த செய்தி அவருக்குத் தெரியாது. தெரிந்தாலும் அவருக்கு ஒன்றும் மாறப்போவதில்லை.

சந்திக்காதவர்கள்

ஏழை பணக்காரன் வேறுபாட்டைக் காட்டிய முதல் அமெரிக்கப் படம் இதுவல்ல. 1905இல் எடிசன் கம்பெனிக்காக எட்வின் போர்ட்டர் எடுத்த ‘தி கிளெப்டோமேனியாக்’ படத்தில், கடையில் திருடிய பணக்காரப் பெண்ணை நீதிமன்றம் விட்டுவிடுகிறது. ரொட்டி திருடிய ஏழைத் தாயைத் தண்டிக்கிறது. ஆனால் போர்ட்டர் முதலில் ஒருத்தியின் கதை, பிறகு மற்றவளின் கதை என்று வரிசையாகச் சொல்லி, இருவரையும் ஒரே நீதிமன்றத்தில் நிறுத்தினார்.

கிரிஃபித்துக்கும் இரண்டு இடங்களை மாற்றி மாற்றிக் காட்டுவது புதிதல்ல. 1908இல் ‘ஆஃப்டர் மெனி இயர்ஸ்’ படத்தில், கடலில் தொலைந்த கணவனையும் கரையில் காத்திருக்கும் மனைவியையும் இப்படிக் காட்டினார். இங்கும் அங்குமாகத் தாவினால் கதை எப்படிப் புரியும் என்று கம்பெனியில் கேட்டபோது, டிக்கன்ஸ் அப்படித்தானே எழுதுகிறார் என்று பதில் சொன்னதாக லிண்டா ஆர்விட்சன் பிற்பாடு தம் நினைவுநூலில் பதிவு செய்தார். 1909 கோடையில் வந்த ‘தி லோன்லி வில்லா’வில் வீட்டுக்குள் திருடர்கள், வழியில் விரைந்து வரும் கணவன் என்று மாற்றி மாற்றிக் காட்டிப் பரபரப்பை ஏற்றினார். அங்கெல்லாம் இரண்டு இழைகளும் முடிவில் ஒன்றுசேரும். கணவன் வந்துசேர்வான், மனைவி தப்பிப்பாள்.

‘எ கார்னர் இன் வீட்’ படத்தில் அந்தச் சந்திப்பு நடக்கவே இல்லை. குடியானவர் ராஜாவைப் பார்ப்பதில்லை. ராஜா ரொட்டிக் கடைக்குள் எட்டிப் பார்ப்பதில்லை. கடையில் நிற்கும் பெண்ணுக்குத் தன் ரொட்டியைப் பறித்தவர் யாரென்றே தெரியாது. மூன்று உலகங்களையும் இணைப்பவை இரண்டே: கோதுமையும் படத்தொகுப்பும். யார் யாருக்கு என்ன செய்தார் என்பது திரையில் நடப்பதில்லை. இரண்டு காட்சிகளைப் பக்கத்தில் பக்கத்தில் பார்க்கும் ரசிகர் மனத்தில்தான் நடக்கிறது. முகம் தெரியாத மனிதர்களின் வாழ்வைச் சந்தை எப்படிப் பிணைத்து வைத்திருக்கிறது என்பதைக் காட்ட இதைவிடப் பொருத்தமான வழி கிடையாது.

அன்றே இதைப் புரிந்துகொண்டவர்கள் இருந்தார்கள். ‘நியூயார்க் டிராமாட்டிக் மிரர்’ பத்திரிகையின் விமர்சனம் இதை நாடகம் என்று சொல்வதைவிட ஒரு வாதம், ஒரு தலையங்கம், ஒரு கட்டுரை என்றே சொல்ல வேண்டும் என்று பாராட்டியது. பிற்காலத்தில் சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் கிரிஃபித்தின் இணைத்தொகுப்பை ஆராய்ந்து நீண்ட கட்டுரையே எழுதினார். சமூகத்தைப் பற்றி வெட்டுகளின் மூலம் பேசும் சினிமா மரபு ஒன்று வளர்ந்ததில் இந்தக் கால் மணி நேரப் படத்துக்கும் பங்குண்டு.

பிழைத்த விதம்

மௌனப் படங்களில் பெரும்பகுதி அழிந்துபோய்விட்டது. பயோகிராஃப் படங்கள் இவ்வளவு மிஞ்சியதற்கு அன்றைய சட்டமும் ஒரு காரணம். 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் சினிமா என்று தனி இனமே இல்லை. அதனால் கம்பெனிகள் தங்கள் படத்தை நீண்ட காகிதச் சுருளில் அச்செடுத்து, ‘புகைப்படங்கள்’ என்று பதிவு செய்தன. ஃபிலிம் எரிந்தும் மட்கியும் போனது. வாஷிங்டனில் காங்கிரஸ் நூலகத்தின் கிடங்கில் காகிதம் கிடந்தது. மூவாயிரத்துக்கும் மேற்பட்ட தலைப்புகள். 1950களில் கெம்ப் நிவர் என்பவர் அந்தக் காகிதங்களை ஒவ்வொரு படமாக மீண்டும் ஃபிலிமில் ஏற்றினார்; அந்தப் பணிக்காக அவருக்குச் சிறப்பு ஆஸ்கரும் கிடைத்தது. பயோகிராஃபின் நெகட்டிவ்கள் பல 1939இல் நியூயார்க்கின் நவீன கலை அருங்காட்சியகத்திடம் வந்து சேர்ந்தன. 1994இல் ‘எ கார்னர் இன் வீட்’ அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது.

கிரிஃபித்தைப் பற்றிப் பேசும்போது ஒன்றைச் சொல்லாமல் விடக்கூடாது. ரொட்டி வரிசையில் நின்றவர்களின் வலியை இவ்வளவு நேர்மையாகக் காட்டியவர்தான், 1915இல் ‘தி பர்த் ஆஃப் எ நேஷன்’ படத்தில் கறுப்பின மக்களை இழிவாகச் சித்திரித்து, கூ கிளக்ஸ் கிளான் என்ற வெள்ளை இனவெறி அமைப்பினரை வீரர்களாக உயர்த்திக் காட்டினார். அந்த அமைப்பு மறுபடி தலைதூக்க அந்தப் படம் உதவியது. இங்கே ஏழைக்காக வாதாடிய அதே படத்தொகுப்பு அங்கே வெறுப்புக்காக வாதாடியது. அந்த வரலாற்றை அதற்குரிய அத்தியாயத்தில் முழுமையாகப் பார்ப்போம். கருவி எவ்வளவு வலியது என்பதற்கு இரண்டு படங்களுமே சாட்சி.

ஆனாலும் 1909இன் இந்தப் படம் சொன்னது இன்றும் செல்லும். விளைவிப்பவருக்கும் உண்பவருக்கும் நடுவில் நின்று விலையை வைப்பவர் யார் என்று அது கேட்டது. அந்தக் கேள்வியைக் கேட்க அது தேர்ந்தெடுத்த இடம், ஐந்து சென்ட் கொடுத்து உழைப்பாளிகள் உட்கார்ந்த இருட்டுக் கொட்டகை. படம் பதிப்புரிமைக் காலம் கடந்தது. இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. அடுத்த இதழ் வருவதற்குள் ஒருமுறை பார்த்துவிடுங்கள். 1910 ஜனவரியில் கிரிஃபித்தும் அவர் குழுவும் கலிபோர்னியாவுக்கு ரயில் ஏறிய கதையை அங்கே தொடர்வோம்.

(தொடரும்)